‘சனம் என்ன சொல்லும்?’



போன மாதம் ஒரு கிராமத்தில் மாதர் சங்கக் கூட்டம் முடிந்து, சேமிப்புப் புத்தகங்களைச் சரிபார்த்து அடுக்கி வைத்த பிறகும் ஓர் அக்கா மட்டும் எழும்பிப் போகாமல் இருந்தார். அவருடைய கணவர் உயிரோடு இருக்கிறார், ஆனால் உழைக்க முடியாத நிலை. அக்காதான் விடியப்புறம் எழும்பி இடியப்பம் அவித்துக் கடைகளுக்குக் கொடுத்து வந்தார். இப்போது சந்தைக்குப் பக்கத்தில் சிறிய கொட்டில் ஒன்று போட்டுத் தானே இருந்து விற்கத் தொடங்கியிருக்கிறார்.

“மிஸ், கஸ்ரம் எனக்குப் பழகிப் போச்சு. சந்தையில நாலு பேர் பாக்க நிக்கிறதுதான் பெரிய பாடாக் கிடக்கு. சொந்தக்காரரே றோட்டில கண்டால் மற்றப் பக்கம் பாத்துக்கொண்டு போகினம்” என்றார்.

எனக்கு உடனே ஆறுதல் சொல்ல வரவில்லை. பல்கலைக்கழகத்தில் சமூகவியல் படித்த காலத்தில் நான் வாசித்த ஒரு பெண்ணின் கதைதான் நினைவுக்கு வந்தது. அதை அவருக்குச் சொன்னேன். அவர் இடையிடையே கேட்ட கேள்விகளால் கதை நான் நினைத்ததை விட நீண்டுவிட்டது. அதையே இந்த மாதம் உங்களுக்கும் எழுதுகிறேன்.

அந்தப் பெண்ணின் பெயர் அன்னா கோரா மோவற். அமெரிக்க நாடக ஆசிரியை. 1819ஆம் ஆண்டு பிறந்து 1870இல் இறந்தவர். அமெரிக்கர் என்றாலும் பிறந்தது பிரான்சிலுள்ள போர்டோ நகரில். தகப்பனார் ஒக்டன் பெரிய வணிகர், வியாபாரத்துக்காக அங்கே குடும்பத்தோடு தங்கியிருந்தார். தாயின் வழியும் பெரிய வழிதான். அமெரிக்காவின் சுதந்திரப் பிரகடனத்தில் கையெழுத்திட்டவர்களில் ஒருவர் தாய்வழி முன்னோர். வீடு நிறையப் பிள்ளைகள். சிறுவயதிலேயே அண்ணன் அக்காமாரோடு சேர்ந்து வீட்டுக்குள் நாடகம் போட்டு விளையாடியவர் அன்னா. அவருக்கு ஏழு வயதளவில் குடும்பம் நியூயோர்க் நகருக்குத் திரும்பியது.

பதினைந்து வயதில், 1834இல், ஜேம்ஸ் மோவற் என்ற சட்டத்தரணியை மணந்தார். அவர் அன்னாவை விடப் பல வயது மூத்தவர். தகப்பனார் கொஞ்சக் காலம் பொறுக்கச் சொன்னார். இவர்கள் பொறுக்கவில்லை. இரகசியமாகக் கலியாணத்தை முடித்துக்கொண்டு வந்து மன்னிப்புக் கேட்டார்கள். (இதைச் சொன்னதும் அக்கா சிரித்துவிட்டார். “எல்லா ஊரிலயும் இதுதான்” என்றார்.) பதினைந்து வயதுக் கலியாணத்தை நான் எந்தக் காலத்துக்கும் நல்லதென்று சொல்ல மாட்டேன். ஆனால் இந்தக் கணவர் அவரை வீட்டுக்குள் பூட்டி வைக்கவில்லை. புருக்ளின் பக்கத்தில் ‘மெல்றோஸ்’ என்ற பெரிய வீட்டில் இருந்துகொண்டு அவரைத் தொடர்ந்து படிப்பித்தார், எழுதத் தூண்டினார். 1836இல் அன்னா ஒரு நீண்ட கவிதை நூலைப் புனைபெயரில் வெளியிட்டார். விமர்சகர்கள் அதைக் கிழித்துப் போட்டார்கள். மற்றவர் என்றால் அழுதுவிட்டு மூலையில் இருந்திருப்பார். இவர் அடுத்த வருடமே அந்த விமர்சகர்களை விமர்சித்து இன்னொரு கவிதை நூல் வெளியிட்டார்! அந்தத் துணிச்சல் பின்னாளில் அவருக்குத் தேவைப்பட்டது.

அன்னாவுக்கு நெஞ்சு நோய் இருந்தது. சுகத்துக்காக ஐரோப்பா போனார்கள். போன இடத்தில் கணவரின் கண் பழுதடைந்தது. ஊர் திரும்பியபோது சட்டத்தொழிலை நடத்த முடியாத அளவுக்குப் பார்வை மோசம். அந்த மனிதர் விலையேற்றத்தை நம்பிக் காசைப் போடும் வியாபாரத்தில் இறங்கினார். 1841இல் கையில் இருந்தது எல்லாம் போயிற்று. மெல்றோஸ் வீடும் கடனுக்குப் போகும் நிலை வந்தது. அன்னாவுக்கு அப்போது வயது 22.

வசதியான குடும்பத்துப் பெண் அந்தக் காலத்தில் காசு உழைக்க என்ன செய்யலாம்? வீட்டுக்குள் இருந்து தைக்கலாம். பணக்கார வீட்டுப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக் கொடுக்கலாம். மறைவாக இருந்து புனைபெயரில் எழுதலாம். அன்னா யோசித்தது வேறு. இங்கிலாந்திலிருந்து வந்த வாண்டன்ஹோவ் என்ற நடிகர் மேடையில் தனியாக நின்று கவிதைகளை வாசித்துக் காட்டியதை அவர் பார்த்திருந்தார். சனம் காசு கொடுத்து வந்து கேட்டது. ‘இதை நானும் செய்யலாமே’ என்று நினைத்தார். குரல் இருந்தது, சிறு வயதிலிருந்தே வாசித்த பழக்கமும் இருந்தது. ஆனால் முன்பின் தெரியாத ஆண்கள் நிறைந்த மண்டபத்தில் காசுக்காக ஒரு பெண் தனியே நின்று வாய் திறப்பதென்பது அப்போது கேள்விப்படாத ஒன்று.

அக்கா இந்த இடத்தில்தான் முதலாவது கேள்வியைக் கேட்டார். “அந்த மனுசன் என்ன சொன்னவர்?”

நல்ல கேள்வி. கணவர் மறுக்கவில்லை. தகப்பனாரிடமும் போய்க் கேட்டார், அவரும் சம்மதித்தார். மற்றச் சொந்தக்காரர், சிநேகிதர் ஒருவருக்கும் சொல்லவில்லை. மெல்றோஸ் வீட்டிலேயே வாசித்துப் பழகினார். தங்கையும் கணவரும்தான் சபை. பிறகு நியூயோர்க்கில் தொடங்காமல், முகம் தெரியாத பொஸ்டன் நகருக்குப் போனார்கள். 1841 ஒக்டோபர் 28ஆம் திகதி அங்கே மேசோனிக் மண்டபத்தில் முதல் வாசிப்பு. நகை இல்லை, பட்டு இல்லை, சாதாரண வெள்ளை மஸ்லின் உடுப்பு. அந்த இரவு நன்றாகவே அமைந்தது. தொடர்ந்து மற்ற இரவுகளும், மற்ற நகரங்களும்.

நியூயோர்க்கில் வாசிக்கப் போனபோதுதான் அடி விழுந்தது. பழைய சிநேகிதிகள் சிலர் அவரைக் கண்டும் காணாதது போல் நடந்தார்கள். உடம்பும் தாங்கவில்லை. நோயில் நீண்ட காலம் படுக்கையில் கிடந்தார். மெல்றோஸ் வீடும் கையை விட்டுப் போயிற்று.

படுக்கையில் இருந்துகொண்டும் உழைத்தார். ‘ஹெலன் பேர்க்லி’ என்ற பெயரில் பெண்கள் சஞ்சிகைகளுக்குக் கதை எழுதினார். சமையல், பின்னல், வீட்டு நிர்வாகம் என்று சிறு புத்தகங்கள் தொகுத்துக் கொடுத்தார். ‘அதிர்ஷ்ட வேட்டைக்காரன்’ என்று பொருள்படும் நாவல் ஒன்றுக்கு 100 டொலர் பரிசு கிடைத்தது. இவையெல்லாம் இலக்கியம் என்று யாரும் இன்று தூக்கிப் பிடிப்பதில்லை. வீட்டு வாடகைக்கும் மருந்துக்கும் எழுதியவை. இந்தக் கஷ்டத்துக்குள்ளும் ஒரு தகப்பன் தாய் இல்லாத மூன்று சகோதரங்களைத் தங்கள் பிள்ளைகளாக எடுத்து வளர்த்தார்கள். அவர்களுக்கென்று பிள்ளைகள் இருக்கவில்லை.

கணவர் ஒரு பதிப்பகம் தொடங்கினார். அதுவும் நட்டத்தில் முடிந்தது. அந்த நாட்களில் எப்ஸ் சார்ஜன்ற் என்ற எழுத்தாளர், குடும்ப நண்பர், “நீங்கள் ஏன் ஒரு நகைச்சுவை நாடகம் எழுதக் கூடாது?” என்று கேட்டிருக்கிறார். அப்படிப் பிறந்ததுதான் ‘பாஷன்’. நாகரிகம், நவநாகரிகப் பித்து என்று நாம் சொல்லலாம். 1845 மார்ச் 24ஆம் திகதி நியூயோர்க் பார்க் அரங்கில் முதல் மேடையேற்றம்.

கதையைக் கொஞ்சம் சொல்கிறேன், கேட்டால் உங்களுக்கே யாராவது நினைவுக்கு வருவார்கள்.

திருமதி டிபனி என்றொரு அம்மா. ஒரு காலத்தில் தொப்பி, உடுப்புத் தைத்து விற்றவர். கணவர் வியாபாரத்தில் முன்னுக்கு வந்ததும் பழசை மறந்து, பிரான்சு நாட்டுப் பழக்கம்தான் நாகரிகம் என்று பிடித்துக்கொள்கிறார். வேலைக்காரியிடம் பிறெஞ்சு கற்று, ஒரு சொல்லையும் சரியாக உச்சரிக்காமல் எல்லோரிடமும் அள்ளி வீசுகிறார். வீட்டில் செலவுக்கு மேல் செலவு. அதைச் சமாளிக்க முடியாத கணவர் கள்ளக் கையெழுத்து வைக்கிறார். அதைக் கண்டுபிடித்த எழுதுவினைஞன், ‘உன் மகளை எனக்குக் கட்டித் தா, இல்லாவிட்டால் காட்டிக் கொடுப்பேன்’ என்று மிரட்டுகிறான். அம்மாவுக்கோ மகளை ஒரு பிரெஞ்சுப் பிரபுவுக்குக் கட்டிக் கொடுக்க ஆசை. அந்தப் பிரபு போலி. உண்மையில் ஒரு சமையற்காரன், அதே வீட்டு வேலைக்காரியை ஏமாற்றி விட்டுப் போனவன்.

அந்த வீட்டில் பிள்ளைக்குப் பாடம் சொல்லிக் கொடுக்க அமர்த்திய கேற்றூட் என்ற அநாதைப் பெண் இருக்கிறாள். போலிப் பிரபுவின் வேடத்தைக் கலைக்க அவள் ஓர் இரவு தந்திரம் செய்கிறாள். வேலைக்காரி போல நடித்து அவனை வரவழைக்கிறாள். அந்த நேரம் பார்த்து மற்றவர்கள் வந்துவிடுகிறார்கள். இருட்டில் ஒரு பெண், பக்கத்தில் ஓர் ஆண். அவ்வளவு போதுமே! நல்லது செய்யப் போனவளுடைய பெயர் கெட்டுப் போகிறது. அவளை விரும்பிய இராணுவ அதிகாரியும் சந்தேகப்படுகிறார். கடைசியில் ஊரிலிருந்து வந்திருக்கும் ட்றூமன் என்ற கமக்காரக் கிழவர்தான் உண்மையை வெளியில் கொண்டு வருகிறார். அவள் அவருடைய சொந்தப் பேத்தி என்பதும் தெரிய வருகிறது. எழுதுவினைஞனின் மிரட்டலையும் அவரே முறியடிக்கிறார். உதவிக்கு அவர் வைக்கும் நிபந்தனை: டிபனி அம்மாவும் மகளும் நகரத்தை விட்டுக் கிராமத்துக்குப் போய்ச் சிக்கனம் பழக வேண்டும்.

மண்டபம் முழுக்கச் சிரித்தது. சிரித்தவர்களில் பலர் டிபனி அம்மாவின் சாதிதான் என்பது பகிடி. அன்னா அந்த வரவேற்பறைகளுக்குள் வளர்ந்தவர், அங்கே எது எவ்வளவு விலை என்று அறிந்தவர். கணவரின் காசு போன வழியும் தெரியும். அதனால்தான் அந்த நாடகத்தில் கள்ளக் கையெழுத்து வைத்த வியாபாரியை முழுக்கக் கெட்டவனாக அவர் காட்டவில்லை என்று எனக்குத் தோன்றும். நாடகத்தில் எனக்குப் பிடிக்காத இடமும் உண்டு. அந்த வீட்டில் வேலை செய்யும் கறுப்பின ஆணை வெறும் கோமாளியாக்கியிருக்கிறார். மற்றவர்களுடைய போலியைப் பார்க்கத் தெரிந்த கண் அந்த மனிதனைப் பார்க்கவில்லை.

எட்கர் அலன் போ என்ற புகழ்பெற்ற எழுத்தாளர் அப்போது பத்திரிகையில் நாடக விமர்சனம் எழுதி வந்தார். நாடகம் பழைய ஆங்கில நாடகங்களைப் பார்த்துச் செய்தது போல இருக்கிறது என்று முதலில் குறை சொன்னார். பிறகு தொடர்ந்து பல இரவுகள் வந்து பார்த்துவிட்டு, இரண்டாவது விமர்சனத்தில் கொஞ்சம் இறங்கி வந்தார். ஒவ்வொரு இரவும் நாடகத்தை மாற்றும் அந்தக் காலத்தில் ‘பாஷன்’ ஏறக்குறைய மூன்று வாரம் ஓடியது.

“அப்ப காசு வந்திருக்குமே?” என்றார் அக்கா.

வந்தது, ஆனால் நாடகத்தின் வெற்றிக்கு ஏற்ற அளவு இல்லை. ஒருவர் எழுதிய நாடகத்தை மேடையேற்றும் உரிமை அவருக்கே என்று அமெரிக்காவில் சட்டம் வந்தது 1856ஆம் ஆண்டு. அதற்கு முன் அரங்கு முதலாளி கொடுத்ததுதான் காசு. அச்சில் வந்துவிட்டால் யாரும் எடுத்து நடிக்கலாம். அடிமைமுறையை எதிர்த்து ‘அங்கிள் டொம்மின் குடிசை’ எழுதிய ஹரியற் பீச்சர் ஸ்ரோவின் கதையும் இதுதான். அந்த நாவல் நூலாக வந்தது 1852இல். அதை நாடகமாக்கி ஊர் ஊராக நடித்துப் பணம் பார்த்தார்கள், அவருக்கு அதில் ஒரு பங்கும் கிடைக்கவில்லை. எழுதுபவரை விட நடிப்பவருக்குத்தான் அந்த நாளில் காசு. அன்னா அதையும் கணக்குப் பார்த்தார். நடிக்கத் தீர்மானித்தார்.

இது கவிதை வாசிப்பதைப் போல இல்லை. நாடக அரங்கு என்றாலே அங்கே முகம் சுளித்தார்கள். பொஸ்டன் இருக்கும் மசாசூசெற்ஸ் பகுதியில் 1750இலிருந்து 1793 வரை நாடகம் போடுவதே சட்டப்படி குற்றம். அன்னாவின் காலத்திலும் பல அரங்குகளில் மேல் மாடி வரிசை உடலை விற்றுப் பிழைக்கும் பெண்களுக்கென்று விடப்பட்டிருந்தது. நடிகை என்றால் அந்த வரிசையோடு சேர்த்துத்தான் கதைப்பார்கள். குடும்பத்துப் பெண் ஒருத்தி அங்கே போகப் போகிறாள் என்றதும் உறவினர் வந்து தடுத்தார்கள், கெஞ்சினார்கள். கெஞ்சியவர்களில் எத்தனை பேர் அந்த வீட்டுக் கடனில் பங்கு ஏற்க முன்வந்தார்கள் என்று கேட்க எனக்கு ஆசை.

அவர் தயாரான விதம் எனக்கு மிகவும் பிடித்தது. நோயாளி உடம்பு, பலமில்லாத நெஞ்சு. வாள்வீச்சுப் பழகினார், கால் உறுதியாக நிற்பதற்காக. கை பலப்பட இரும்புக் குண்டு தூக்கினார். தினமும் நாலு மணித்தியாலம் குரலைப் பழக்கினார். அரசி வேடத்துக்கு நிலத்தில் இழுபடும் நீண்ட பாவாடையை மணிக்கணக்கில் வீட்டில் கட்டிக்கொண்டு நடந்தார், மேடையில் தடக்கி விழாமல் இருக்க. 1845 யூன் 13ஆம் திகதி, அதே பார்க் அரங்கில், ‘லியோன்ஸ் சீமாட்டி’ என்ற நாடகத்தில் கதாநாயகியாக முதன்முதலாக நடித்தார். முதல் வருடத்தில் மாத்திரம் ஏறக்குறைய 200 இரவுகள் நடித்தார். ஊர் ஊராகப் பயணம், புதுப் பாத்திரங்கள், பாடமாக்க வேண்டிய வசனங்கள். 1847இல் ‘ஆர்மண்ட்’ என்ற இன்னொரு நாடகமும் எழுதி மேடையேற்றினார்.

பிறகு இங்கிலாந்து. அங்கும் பெயர் எடுத்தார். ‘பாஷன்’ 1850 சனவரியில் லண்டனில் மேடை ஏறியது. அவரை ஆதரித்த அரங்கு முதலாளி வால்ரர் வோட்ஸ் தாராளமாகச் செலவழிப்பவர். அவ்வளவு காசு எங்கிருந்து வந்தது? அவர் ஒரு காப்புறுதிக் கம்பனியில் வேலை செய்தவர், அங்கே கையாடிய காசு. 1850இல் பிடிபட்டு, சிறையிலேயே இறந்தார். அவருடைய பெயரோடு அன்னாவின் பெயரும் ஊர்வாயில் அடிபட்டது. அன்னா கடும் காய்ச்சலில் விழுந்து மாதக்கணக்கில் எழும்பவில்லை. அந்த நேரம் கணவரும் நோயாளி. 1851 பெப்ரவரியில் ஜேம்ஸ் லண்டனில் இறந்தார். அன்னா 31 வயதில் விதவையாக ஊர் திரும்பி, மீண்டும் மேடைக்குப் போனார்.

1853 முடிவில் ‘ஒரு நடிகையின் சுயசரிதை’ என்ற தன் நூலை வெளியிட்டார். நன்றாக விற்பனையான நூல். அதில் தன்னைப் பற்றி மட்டும் எழுதவில்லை. மேடையின் பின்னால் நிற்கும் பெயர் தெரியாத பெண்களைப் பற்றியும் எழுதினார். இயலாத பெற்றோரைத் தன் உழைப்பால் தாங்கிய ஒரு நடனப் பெண்ணைப் பற்றிச் சொல்கிறார். திரைக்குப் பின்னால் காத்து நிற்கும் நேரத்திலும் அவள் கையில் பின்னல் வேலை இருக்கும். ‘நாடகக்காரி’ என்று சனம் ஒரே சொல்லில் தள்ளிவிடும் பெண் எப்படி வாழ்கிறாள் என்பதை உள்ளே இருந்து பார்த்த ஒருவர் எழுதிய பக்கங்கள் அவை. நாடகங்களை விட அந்தப் பக்கங்களையே நான் பெரிதாக நினைக்கிறேன்.

“ஒதுங்கின சொந்தக்காரர் பிறகு வந்தவையோ?” இது அக்காவின் அடுத்த கேள்வி. 1854 யூன் 3ஆம் திகதி நியூயோர்க்கில் அவர் மேடைக்கு விடை சொன்ன இரவு பெரிய மரியாதையோடு நடந்தது என்று சொன்னேன். அக்கா “ம்” என்றார், வேறொன்றும் சொல்லவில்லை.

சில நாட்களில் வில்லியம் றிச்சி என்ற பத்திரிகை ஆசிரியரை மறுமணம் செய்து, தென்பகுதியிலுள்ள றிச்மண்ட் நகருக்குப் போனார். அங்கே ஒரு பெரிய வேலையில் சேர்ந்தார். முதல் சனாதிபதி வாஷிங்டனின் வீடான மவுண்ட் வேர்ணன் பாழடைந்து கிடந்தது. அதைப் பெண்களே காசு சேர்த்து வாங்கினார்கள், 2 இலட்சம் டொலருக்கு. இந்த முயற்சியைத் தொடங்கியவர் ஆன் பமெலா கனிங்காம் என்ற பெண். அவர் 1853இல் பொதுமக்களுக்கு விடுத்த வேண்டுகோளில் தன் சொந்தப் பெயரைப் போடவில்லை. ‘ஒரு தென்பகுதிக் குடும்பப் பெண்’ என்றுதான் போட்டார். நல்ல காரியத்துக்குக்கூட ஒரு பெண்ணின் பெயர் பத்திரிகையில் வருவது மரியாதைக் குறைவு என்ற காலம் அது. பெயர் போட்டு நோட்டீஸ் அடித்து மேடை ஏறிய அன்னா என்ன துணிச்சல் செய்தார் என்பது இதைப் பார்த்தால்தான் விளங்கும்.

இரண்டாவது கலியாணம் சரிவரவில்லை. வடக்கும் தெற்கும் பிரிந்து நின்ற நேரத்தில் கணவரின் பத்திரிகை தெற்கின் பக்கம், அன்னாவின் பிறந்த வீடு வடக்கில். 1861இல் உள்நாட்டுப் போர் தொடங்கியது. அவர் றிச்மண்டை விட்டு வெளியேறி ஐரோப்பாவுக்குப் போய்விட்டார். 1865இல் போர் முடியும் தறுவாயில் றிச்மண்ட் நகரின் பெரும் பகுதி எரிந்து போயிற்று. ஊரும் வீடும் இல்லாமல் வேறு நாட்டில் நாவல்களும் பத்திரிகைக் கடிதங்களும் எழுதிப் பிழைத்தார். 1870 யூலையில், லண்டனுக்கு அருகே ருவிக்கன்ஹாம் என்ற இடத்தில், 51 வயதில் இறந்தார். முதல் கணவர் ஜேம்ஸின் பக்கத்திலேயே அடக்கம் செய்தார்கள். ‘பாஷன்’ நாடகத்தை 1924இல் நியூயோர்க்கில் மறுபடி மேடையேற்றினார்கள். இன்றும் இடைக்கிடை யாராவது எடுத்து நடிக்கிறார்கள்.

அக்கா பெருமூச்சு விட்டார். “படிச்சவ, மிஸ். தகப்பனும் மனுசனும் ஓமெண்டவை. எனக்கு ஆர் இருக்கினம்?”

அது உண்மைதான். அன்னாவுக்குப் படிப்பு இருந்தது, பெரிய இடத்துப் பெயர் இருந்தது, மறுக்காத கணவர் இருந்தார். இவை இல்லாமல் அதே மேடைக்குப் போன மற்றப் பெண்களைப் பற்றிப் புத்தகங்கள் எழுதப்படவில்லை, அந்த நடனப் பெண்ணுடைய கதையே அன்னா எழுதியதால்தான் நமக்குத் தெரியும். இதை அக்காவிடம் மறைக்காமல் சொன்னேன். அவருடைய கணவரிடம் ஒருமுறை வந்து கதைக்கட்டுமா என்றும் கேட்டேன். “வாங்கோ” என்றார்.

பிறகு நேரத்தைப் பார்த்தவர் பதறி எழும்பினார். “ஐயோ, மா வறுக்க வேணும்” என்று செருப்பைத் தேடினார். வாசலில் நின்று திரும்பி, “முதல் நாள் அவ வெள்ளைச் சட்டையோ போட்டவ?” என்று கேட்டார். ஓம் என்றேன்.